எண் 412 முதல் 431 வரை

நிலம் வாங்கினால் பதிவு செய்ய வேண்டும், வீடு விற்றால் பதிவு செய்ய வேண்டும். எங்கள் தச்சநல்லூரில் சினிமா பார்த்தாலும் பதிவு செய்ய வேண்டும்.

காரணம், அடுத்த வீட்டுக் குற்றாலலிங்கம் பிள்ளை. சார்பதிவாளராக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்ற மறுவருஷம், தொண்ணூற்றொன்றில், தாமிரபரணி உலகத் திரைப்பட ரசனைக் கழகத்தைத் தொடங்கித் தானே தலைவரானார். உரக்கடை மாடியில் ஒரு நீள அறை, முப்பத்தெட்டு உறுப்பினர்கள், ஒரு பெரிய பதிவேடு. படம் முடிந்ததும் யாரும் எழுந்துவிட முடியாது. இன்ன தேதியில், இன்ன படத்தை, முழுமையாகவும் விழிப்புடனும் பார்த்தேன் என்று கையெழுத்துப் போட வேண்டும். பக்கத்தில் உட்கார்ந்திருந்த இருவர் சாட்சிக் கையெழுத்து. நடுவில் தூங்கியவர்களுக்கு இடது கைப் பெருவிரல் ரேகை மட்டும்தான். என் வீட்டுக்காரர் மூன்று வருஷம் உறுப்பினராக இருந்தார். கடைசிவரை அவர் விரலில் மை காயவில்லை.

எங்கள் வீட்டுக்கும் பிள்ளை வீட்டுக்கும் நடுவில் ஒற்றைக் கல் சுவர். நான் கேட்காவிட்டாலும் சுவர் கேட்டு எனக்குச் சொல்லிவிடும். அதனால் நான் எழுதுவதில் தப்பு இருந்தால் சுவரைத்தான் குறை சொல்ல வேண்டும்.

பிள்ளையின் ஒரே மகள் சித்ரலேகா. எண்பத்தாறில் கல்யாணமாகி அமெரிக்கா போனாள். இரண்டே வருஷத்தில் புருஷனை விட்டுவிட்டு, சினிமாவில் நடிக்கப் போய்விட்டாள். பெரிய கம்பெனிகளின் படம் என்று நினைக்க வேண்டாம். இரவல் கேமரா, நண்பன் வீட்டுச் சமையலறை, சனி ஞாயிறு மட்டும் படப்பிடிப்பு என்று நாலு பேர் சேர்ந்து எடுக்கிற சின்னப் படங்கள். பிள்ளை அவளுக்கு ஒரு கடிதம் எழுதினார். 'இன்று முதல் உனக்கும் இந்தக் குடும்பத்துக்கும் எவ்விதப் பாத்தியதையும் இல்லை' என்ற அந்த ஒரு வரியோடு மகள் பேச்சு அந்த வீட்டில் நின்றுபோனது.

அதன்பிறகு சித்ரலேகா தன் அம்மாவுக்கு எழுதிய கடிதங்கள் என் விலாசத்துக்கு வந்தன. அவள் அம்மா சண்முகசுந்தரி, எனக்குச் சுந்தரி அக்கா, பின்வாசல் வழியாக வந்து வாங்கிக்கொள்வாள். ஒட்டிய உறையை நான் பிரித்ததில்லை. விமானத்தில் வருகிற உறைகளுக்குப் பசை அவ்வளவு பிடிப்பதில்லை, அவ்வளவுதான்.

'அம்மா, இந்தப் படத்தில் எனக்கு மூன்று வசனம்.' 'அம்மா, இதில் நான் இரண்டாவது நர்ஸ்.' சுந்தரி அக்காவுக்கு முதல் நர்ஸ் யாரென்று தெரிந்தாக வேண்டும். அதைக் கேட்டு நான்தான் பதில் எழுதினேன். ஒரு படத்தில் கடைக்காரியாக நாள் முழுக்க நின்றாளாம். கடைசியில் சில்லறை கொடுக்கிற கை மட்டும்தான் படத்தில் வந்ததாம்.

"கையி எப்படி இருந்துச்சாம் டீச்சர்?" என்று கேட்டாள் அக்கா.

ஏழு வருஷம், ஒன்பது படம். மூன்று படங்களில் அவள் வழியோர விடுதியில் சாவி கொடுக்கிறவள். ஒரு படப்பிடிப்பில் எல்லோருக்கும் ரசம் வைத்துக் கொடுத்தாளாம். காரம் தாங்காமல் அன்று மத்தியானம் படப்பிடிப்பே நடக்கவில்லையாம். ஒரு படமும் நெல்லைக்கு வரவில்லை. அமெரிக்காவிலேயே எத்தனை பேர் பார்த்தார்களோ தெரியாது.

இந்தப் பக்கம் மகளின் பேச்சே கூடாது. அந்தப் பக்கம் உரக்கடை மாடியில் பிள்ளை பேசுவார்: "வீட்டை விட்டு வெளியேறும் பெண்ணின் காலடி ஓசைதான் உலகத் திரைப்படத்தின் இதயத் துடிப்பு! அந்தக் கதவைச் சாத்துகிறவன் மனிதனே அல்ல!" பேசிவிட்டு வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொள்வார்.

தொண்ணூற்றைந்து டிசம்பரில் செய்தி வந்தது. பனியில் கார் சறுக்கி, படப்பிடிப்புக்குப் போகிற வழியில், சித்ரலேகா போய்விட்டாள். எரித்ததும் அங்கேதான். சுந்தரி அக்கா அழுதது எங்கள் வீட்டு அடுப்படியில். அந்த ஞாயிற்றுக்கிழமை கழகத்தில், பெயரை யாராலும் உச்சரிக்க முடியாத ஒரு ஐரோப்பிய ஒளிப்பதிவாளருக்கு இரண்டு நிமிஷ மௌன அஞ்சலி. கழகச் செயலாளர் சிவகணேஷ், கல்லூரியில் விரிவுரையாளர், தயங்கித் தயங்கிக் கேட்டானாம்: "தலைவர் வீட்டுலயும் ஒரு..."

"விதி ஒன்பதைப் படியும். இயக்குநர், ஒளிப்பதிவாளர், படத்தொகுப்பாளர். இந்த மூணு பேருக்குத்தான் மௌனம். துணை நடிகைக்கு இடமில்ல" என்று சொல்லிவிட்டுப் பிள்ளை நேராக நின்றாராம்.

தொண்ணூற்றேழு ஜூனில் என் விலாசத்துக்கு ஒரு பொட்டலம் வந்தது. உள்ளே ஒரு வீடியோ கேசட்டும் ஒரு கடிதமும். சித்ரலேகா கடைசியாக நடித்த படத்தின் இயக்குநர் எழுதியிருந்தார். படத்தை முடிக்க அவரால் முடியவில்லையாம். இருக்கிற ஒரே பிரதி இதுதான். அவள் அம்மாவிடம் இருக்கட்டும் என்று அனுப்பியிருக்கிறாராம். விடுதியில் தங்க வரும் ஒரு தம்பதிக்கு அவள் சாவி கொடுக்கிற காட்சி, இருபத்தாறு விநாடி. சாவியைக் கொடுக்கும்போது எழுதிக் கொடுத்ததில் இல்லாத ஒன்றைத் தன் பாஷையில் சொன்னாளாம். நன்றாக இருந்ததால் வைத்துக்கொண்டாராம். 'அது என்னவென்று அவள் அம்மாதான் எனக்குச் சொல்ல வேண்டும்' என்று முடித்திருந்தார்.

சுந்தரி அக்கா கேசட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு என் வீட்டு டெலிவிஷன் முன்னால் உட்கார்ந்தாள். வாடகைக்கு எடுத்த வீடியோ டெக்கில் போட்டோம். கறுப்புக் கோடுகள் மேலேயும் கீழேயும் உருண்டன. அவ்வளவுதான்.

பேட்டையில் எலக்ட்ரிக்கல் கடை வைத்திருக்கும் அகமது மீரானைக் கூப்பிட்டோம். துபாயில் பதினாலு வருஷம் வீடியோக் கடையில் இருந்தவர். கழகத்திலும் உறுப்பினர்.

"இது அமெரிக்கக் கேசட்டும்மா. நம்ம ஊர் டெக்குல ஓடாது. எல்லா நாட்டுக் கேசட்டும் ஓடுத டெக்கு ஒண்ணு இருக்கு. நான்தான் துபாய்ல இருந்து கொண்டாந்தேன்."

"எங்கன இருக்கு பாய்?" என்றாள் அக்கா.

மீரான் தலையைச் சொறிந்தார். "கழகத்துல. தானமாக் குடுத்தேன். பிள்ளை அண்ணாச்சி அதையும் தானப் பத்திரம் எழுதிப் பதிஞ்சிட்டாரு. 'திரும்பக் கேட்கும் உரிமை எனக்கோ என் வாரிசுகளுக்கோ இல்லை'ன்னு கையெழுத்து வாங்கிட்டாரு."

ஆக, மகள் முகத்தைப் பார்க்க சுந்தரி அக்கா கழகத்துக்கு மனுப்போட வேண்டியதாயிற்று. படிவத்தை நான்தான் நிரப்பினேன். 'படத்தின் தத்துவப் பின்புலம்' என்ற கேள்விக்கு அக்கா "தெரியலைன்னு போடுங்க" என்றாள். 'இப்படத்தைத் திரையிடக் கோருவதன் அழகியல் காரணம்' என்பதற்கு "என் மவா வாரா" என்றாள். அப்படியே எழுதினேன். தபாலில் சேர்த்தோம்.

பதினோராம் நாள் தபால்காரர் பதில் கொண்டுவந்தார். வாசலில் நின்ற பிள்ளை உறையை வாங்கி, அனுப்புநர் இடத்தில் தன் பெயரே இருப்பதைப் பார்த்து, உள்ளே போய் மனைவியிடம் நீட்டினார்.

"ஏளா, கழகத்துலேர்ந்து உனக்குக் கடுதாசி."

'உறவுமுறை ரசனைக்குக் காரணமாகாது. எனினும் மேற்படி படம் பரிசீலனைக்கு ஏற்கப்படுகிறது. கேசட்டை மாலை நான்கு முதல் ஐந்து மணிக்குள் அலுவலகத்தில் நேரில் ஒப்படைக்கவும்.'

ஒரே வீடு, நடுவில் ஒரு கூடம். ஆனாலும் அக்கா சேலை மாற்றிக்கொண்டு உரக்கடை மாடி ஏறினாள். நானும் கூடப் போனேன். மேஜைக்குப் பின்னால் பிள்ளை. கேசட்டை வாங்கி, எடை பார்க்கிற மாதிரி ஒரு கணம் கையில் வைத்திருந்து, ரசீது எழுதிக் கொடுத்தார். பிறகு அறையைப் பூட்டிவிட்டு வீட்டுக்கு நடந்தார். வழக்கம்போல அவர் பத்தடி முன்னால், அக்கா பத்தடி பின்னால்.

பரிசீலனைக் குழு மூன்று பேரும் ஒரு தடவை பார்த்தார்கள். அன்றைக்கே செய்தி கசிந்தது. சிவகணேஷ் தன் மனைவியிடம், "சாவி வாங்கிட்டு ரெண்டு பேரும் ரூமுக்குள்ள போறாங்க. கட்டில் எல்லாம் இருக்கு" என்றானாம். மறுநாள் கழகத்தில் சேர இருபத்திரண்டு விண்ணப்பங்கள். தலைவர் ஓர் உத்தரவு போட்டார்: 'மேற்படி படத்தில் சில பகுதிகள் ஆழ்ந்த ஆய்வுக்குரியவை. தலைவர் தனிப் பரிசீலனை மேற்கொள்வார்.'

தினமும் நாலு மணிக்குப் பிள்ளை மாடியேறுவார். உள்பக்கம் தாழ்ப்பாள் போடுகிற சத்தம் உரக்கடை வரைக்கும் கேட்கும். ஐந்து மணிக்கு இறங்குவார். ஜூலை போனது, ஆகஸ்ட் போனது. சுந்தரி அக்கா மூன்று நினைவூட்டல் அனுப்பினாள். மூன்றுக்கும் ஒரே பதில்: 'பரிசீலனை தொடர்கிறது.'

இந்த இடத்தில் என்னைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். குழாயடியில் எதிர்வீட்டு லில்லியிடம் நான்தான் சொன்னேன்: "அந்த ரூம் சீனை மனுஷன் தெனமும் பரிசீலிக்காரு பாத்துக்கோ."

"அறுபத்தஞ்சு வயசுலயாக்கா!" என்று லில்லி குடத்தைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள்.

காலையில் நான் விட்ட பேச்சு, சாயங்காலம் கைகால் முளைத்து, மீசையும் வைத்துக்கொண்டு என் வீட்டுக்கே திரும்பி வந்தது. சுந்தரி அக்காவுக்கும் எட்டியது. அவள் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்று: "அவிய எதைப் பாத்தா எனக்கென்ன டீச்சர். நான் எப்பப் பாக்க?"

கடைசியில் செப்டம்பரில் ஒரு ஞாயிறு சாயங்காலம் ஆறு மணிக்குத் திரையிடல் என்று அறிவித்தார்கள். மாடி கொள்ளவில்லை. அக்கா உறுப்பினர் இல்லை என்பதால் 'சிறப்புப் பார்வையாளர்' என்று பதிந்து, லில்லியோடு புதிதாகச் சேர்ந்திருந்த நானும் மீரானும் சாட்சி போட்டு, முன் வரிசையில் உட்காரவைத்தோம். பட்டுச்சேலை உடுத்தி வந்திருந்தாள். கண்ணாடியை நாலு தடவை துடைத்தாள்.

நிகழ்ச்சி நிரலில் தலைவர் உரை இருந்தது. பிள்ளை எழுந்திருக்கவே இல்லை. கையை மட்டும் அசைத்தார். கழகத்தின் சரித்திரத்தில் அப்படி நடந்ததில்லை. விட்ட இடத்தை சிவகணேஷ் நிரப்பினான்.

"அன்பர்களே, இந்தப் படத்தில் நம்மூர்ப் பெண் ஒருவர் நடித்திருப்பதாகப் பேசிக்கொள்கிறார்கள். தயவுசெய்து அதை மறந்துவிடுங்கள். முகங்களைப் பார்க்கிறவன் பாமரன். சட்டகத்தைப் பார்க்கிறவனே ரசிகன். துணை நடிகை என்பவர் யார்? காட்சியில் இருக்கிற நாற்காலி, மேஜை, விளக்கு. அந்த வரிசையில் இன்னொன்று. நாற்காலிக்காக நாம் அழுவதில்லை அல்லவா? கலை என்பது மனிதர்களைத் தாண்டியது. இங்கே கூடியிருக்கிற நாமும் மனிதர்களைத் தாண்டியவர்களே!"

கைதட்டினார்கள். சுந்தரி அக்காவும் தட்டினாள். எப்போது தட்ட வேண்டும் என்று மற்றவர்களைப் பார்த்துத் தட்டினாள்.

மீரான் டெக்கை ஓட்டினார். நீள நீளமாக ரோடு வந்தது. ஒரு கார் வந்தது. விடுதியின் பெயர்ப்பலகை பளிச்சென்று தெரிந்தது. கதவு திறந்தது. அக்கா முன்னால் சாய்ந்தாள்.

திரை முழுக்க வெள்ளைப் புள்ளிகள் கொட்டின. கோடுகள் கிழித்தன. உருவமே இல்லை. அந்த இரைச்சலுக்குள்ளிருந்து சித்ரலேகாவின் குரல் மட்டும் வந்தது. ஏதோ இங்கிலீஷில் இரண்டு வார்த்தை. சாவி மேஜையில் வைக்கிற சத்தம். அப்புறம்:

"படி ஈரமா இருக்கு. பைய போங்க."

அடுத்த கணம் படம் கழுவிவிட்ட மாதிரி தெளிந்தது. அறை, கட்டில். லில்லி என் தொடையைக் கிள்ளினாள். இருபத்திரண்டு புது உறுப்பினர்களும் நிமிர்ந்தார்கள். அந்த ஆள் ஷூவைக் கழற்றினான். அந்தப் பெண் பெட்டியைத் திறந்து ஒரு ரொட்டியை எடுத்தாள். இரண்டு பேரும் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து, ஒன்றும் பேசாமல், ரொட்டியைப் பிய்த்துத் தின்றார்கள். அவ்வளவுதான் அந்தக் காட்சி. ஒரு கோடு இல்லை, ஒரு புள்ளி இல்லை. புத்தம் புதுசு.

அக்கா எழுந்து நின்றாள். "பாய், இன்னொரு தடவை போடுங்க."

"பின்னோக்கி ஓட்டுவதற்கு விதியில் இடமில்லை. ரசிகன் காலத்தை எதிர்த்து..." என்று தொடங்கினான் சிவகணேஷ்.

"போடும் வே" என்றார் பிள்ளை, தலை நிமிராமல்.

போட்டார். வெள்ளைப் புள்ளிகள். குரல். மறுபடியும் போட்டார். அதேதான்.

"கலந்துரையாடலைத் தொடங்கிவிடலாம்" என்று, அந்த இடத்தைப் பரிசீலனையில் தெளிவாகப் பார்த்திருந்த சிவகணேஷே முந்திக்கொண்டான். "திரையை நிறைக்கும் இந்த வெண்மை, அமெரிக்க வாழ்வின் வெறுமை. நமக்குப் புரியாத ஒரு மொழியை இயக்குநர் வேண்டுமென்றே..."

"நமக்குப் புரிஞ்சுதே வே" என்றார் மீரான். கேசட்டை வெளியே எடுத்து, மூடியைத் தூக்கி, விளக்கில் பிடித்துப் பார்த்தார். "வெண்மையுமில்ல, கிண்மையுமில்ல. நாடா தேஞ்சிருக்கு. ஒரே இடத்துல நிறுத்தி நிறுத்திப் பாத்தா இப்படித்தான் ஆவும். ரூமு சீனு அப்படியே இருக்கு. அதுக்கு முன்னால உள்ளதுதான் போச்சு."

கழகத்தின் மீது பழி வந்ததும் சிவகணேஷுக்குக் கோபம் வந்துவிட்டது. "கழகத்தில் எதுவும் முறைகேடாக நடக்காது! ஒவ்வொரு பரிசீலனையும் பதிவாகியிருக்கிறது!" என்று பதிவேட்டை எடுத்துச் சத்தமாக வாசித்தான். டெக்கின் முகப்பில் ஓடுகிற எண்ணைப் பார்த்து, எங்கிருந்து எதுவரை பார்த்தார் என்று தலைவர் தன் கையாலேயே எழுதியிருந்தார். பார்த்ததைப் பதியாமல் விட அவருக்குத் தெரியாது.

"ஜூலை பதினாலு, மாலை நாலு மணி: எண் 412 முதல் 431 வரை. ஜூலை பதினஞ்சு: எண் 412 முதல் 431 வரை. ஜூலை பதினாறு: 412 முதல்..."

அவன் குரல் இறங்கிக்கொண்டே வந்தது. ஆனாலும் எடுத்ததை முடிக்கிற பழக்கம், வாசித்து முடித்தான். நாற்பத்தொரு பதிவு. எல்லாவற்றிலும் அதே எண்கள். சாட்சிக் கட்டம் மட்டும் நாற்பத்தொன்றிலும் காலி.

லில்லி என் முகத்தைப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். பேசுகிற சுவர் அங்கே எதுவும் இல்லை.

பிள்ளை எழுந்து, பதிவேட்டில் கையெழுத்துப் போடாமலே படியிறங்கினார். அக்கா பின்னால் போனாள். நானும்தான், என் வீடும் அந்தப் பக்கம்தானே. வழக்கம்போலப் பத்தடி முன்னால் நடந்தவர் அரிசி மில் திருப்பத்தில் பைய நடந்தார். பத்தடி ஆறடியாச்சு. திரும்பிப் பார்க்காமலே பேசினார்.

"நீலச் சட்டை போட்டிருக்கா."

அக்கா எட்டி நடந்தாள்.

"முடியை வெட்டிட்டா. கழுத்து வரைக்கும்தான். மெலிஞ்சிருக்கா. காதுல உன் கம்மலு." கொஞ்ச தூரம் நடந்தார். "சாவியைக் குடுக்கும்போது நிமிந்து கேமராவைப் பாத்திருதா. நடிக்கவுக பாக்கப்படாது. விதி. இவ பாத்துட்டா. அங்கனதான் நிறுத்துவேன்."

அக்கா நின்றுவிட்டாள். நடுரோடு. பேட்டை பஸ் ஒன்று ஹாரன் அடித்து ஒதுங்கிப் போனது.

"நாப்பத்தொரு தடவை" என்றாள். "அதுல ஒரு தடவை என்னையும் கூட்டிட்டுப் போயிருக்கலாம்லா."

பிள்ளை முன்னால் நடந்தார். அமெரிக்காவுக்கு, படி ஈரமாக இருக்கிறது, மெதுவாகப் போங்கள் என்று அவள் எச்சரித்தாள் என்பதை மட்டும் நான் எழுதிப் போட்டேன்.

இதோடு முடிந்திருக்கலாம். ஆனால் கழகம் என்று ஒன்று இருக்கிறதே. சாட்சியில்லாத பதிவுகள் செல்லுமா என்று அவசரப் பொதுக்குழு கூடி மூன்று மணி நேரம் விவாதித்தது. நாற்பத்தொரு பதிவும் செல்லாவிட்டால், தலைவர் அந்தப் படத்தைப் பார்க்கவே இல்லை என்றாகிவிடும். அப்புறம் நாடா தேய்ந்ததற்குக் காரணமும் இல்லாமல் போய்விடும். ஆகவே, 'குடும்ப உறுப்பினர் என்ற முறையில் தலைவரின் மனைவி சாட்சிக் கையெழுத்திட்டால் போதுமானது' என்று ஒருமனதாகத் தீர்மானம்.

சிவகணேஷ் பதிவேட்டைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கே வந்தான். நான் மாவு இரவல் கேட்கப் போனவள். கையில் கிண்ணத்தோடு அங்கேயே நின்றேன். பிள்ளை கூடத்து நாற்காலியில் தன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டாள். முதல் பதிவிலிருந்து நாற்பத்தொன்று வரைக்கும் விரல் வைத்து, தேதி தேதியாக, நிதானமாகப் படித்தாள். பேனாவின் மூடியைக் கழற்றினாள். அப்புறம் மூடினாள்.

"நான் பாக்கலையே தம்பி" என்றாள். "பாக்காததுக்கு எப்படிக் கையெழுத்துப் போட?"

இந்தத் தெருவில் பார்க்காத எத்தனையோ விஷயத்துக்குச் சாட்சி சொன்னவள் நான். கிண்ணத்தைச் சேலைத் தலைப்பில் மறைத்துக்கொண்டு கதவோரம் ஒதுங்கினேன். சிவகணேஷ் பதிவேட்டை மூடி அக்குளில் வைத்துக்கொண்டு போனான்.

அவன் போய் வெகுநேரம் கழித்து அக்கா கேட்டாள், அவர் முகத்தைப் பார்க்காமல்:

"கம்மல் ரெண்டு காதுலயும் கெடந்துதா?"

"ஒரு பக்கந்தான் தெரியும்" என்றார் பிள்ளை.